கொள்முதல் பட்டியல், குளச்சல் கிளை நூலகம்

ஆயிரத்து எண்ணூறு ரூபாய் மிச்சம்.
மார்ச் முப்பத்தொன்றுக்குள் செலவழியாவிட்டால்
திரும்பிப் போய்விடும்.
நாகர்கோவிலிலிருந்து வந்த தாளில்
தலைப்பையும் அவர்களே அச்சடித்திருந்தார்கள்:
படை வரலாறு, வெளியுறவு, நாட்டுப் பாதுகாப்பு.
வாசகர் பரிந்துரையுடன் அனுப்புக.

வாசகர் என்றால்
பேப்பருக்கு வருகிற ஆறு பேர்,
மின்விசிறிக்கு வருகிற இரண்டு பேர்.
நோட்டில் பேனாவை நூலால் கட்டி
மேசையில் வைத்தேன்.

முதலில் எழுதியவர் சுபேதார் ஞானாபரணம்,
இரணியலிலிருந்து பஸ்ஸில் வருபவர்,
இங்குள்ள எல்லாப் போர்களையும்
பென்சிலால் திருத்திவிட்டவர்.
"படை முன்னேறியது" என்ற வரிக்குப் பக்கத்தில்
"எங்கே? அன்றைக்குச் சாப்பாடு மேலே வரவில்லை.
உட்கார்ந்திருந்தோம்."
அவர் பரிந்துரை:
கோவேறு கழுதைகளைப் பற்றி ஏதாவது.
தளபதிகள் எழுதியது வேண்டாம்.

ஷாஜிதா, முதல்நிலைத் தேர்வு எழுதுபவள்:
கடல் எல்லை உடன்படிக்கைகள், பின்னிணைப்போடு.
பின்னிணைப்பு என்பதன் கீழ் இரண்டு கோடு.

பெயர் போடாத ஒருவர்:
டச்சுப் போர் பற்றி இருக்கிற புத்தகமே போதும்,
கடைசிப் பக்கங்களைக் கிழித்தவன்
கொண்டுவந்து ஒட்டட்டும்.

நியாயம்தான்.
எங்கள் நூலகத்தில் டச்சுக்காரர்
இன்னும் சரணடையவில்லை.
கடற்கரையில் வெற்றித்தூண் நிற்கிறது,
அதன் நிழலில் யாரோ வைத்த ஐஸ் பெட்டி
சொட்டுகிறது.

கிளீட்டஸ் நோட்டை முதலிலிருந்து படித்தான்.
எழுதவில்லை.
மறுநாள் சட்டைக்குள்ளிருந்து
ஒரு பிளாஸ்டிக் உறையை எடுத்தான்.
பதினொரு தாள், வலமிருந்து இடம்,
ஒவ்வொன்றிலும் நீல முத்திரை.
ஏழு மாசம் உள்ளே வைத்துவிட்டு
கையில் கொடுத்து அனுப்பியது.
"நான் என்ன தப்பு செஞ்சேன்னு
இதுல இருக்காம்.
இதப் படிக்க ஒரு புக்கு வாங்குங்க டீச்சர்."

(டீச்சர் இல்லை என்று
எத்தனை முறை சொன்னாலும்.)

ஷாஜிதா வாங்கிப் பார்த்தாள்.
மதரசாவில் படித்த எழுத்து, நாலைந்தைத் தவிர.
வாசிக்க முடிந்தது.
விளங்கவில்லை.
ஆனாலும் வாசித்தாள்,
அறிமுகமில்லாத வீட்டில் செருப்போடு நுழைபவள் போல.
நான் ஜன்னலைச் சாத்தினேன், ஏன் என்று தெரியாது.

மூன்றாம் தாளில் திக்கினாள்.
ச... ஹா... ய... மா... தா...

"நம்ம போட்டு," என்றான் கிளீட்டஸ்.

அதற்குப் பிறகு கொஞ்ச நேரம் ஒன்றும் நடக்கவில்லை.
சகாய மாதா அங்கேயே கிடக்கிறது,
அந்தத் துறையில், இஞ்சின் கழற்றப்பட்டு,
கடன் மட்டும் ஊருக்கு வந்திருக்கிறது.

பிறகு எண்கள்.
எண்கள் அவளுக்குத் தெரியும்.
பாகை, கலை, விகலை.
சுபேதார் பெரிய நிலப்படத்தை விரித்தார்,
கண்ணாடியைத் துடைத்தார்,
அளவுகோலை இரண்டு பக்கமும் வைத்து
ஒரு புள்ளி குத்தினார்.
நாலு தலை குனிந்தன.

வெறும் நீலம்.
"கோடு எங்கடே?"
"அங்கயும் இல்ல, சார்," என்றான்.
"நாங்க தூண்டில் போட்ட எடத்துலயும்
ஒரு கோடும் கெடக்கல.
அவங்க கப்பல் வந்தப்பதான்
இருக்குன்னு தெரிஞ்சுது."

சுபேதார் பென்சிலைச் சட்டைப்பையில் போட்டுக்கொண்டார்.
இதைத் திருத்த அவருக்கு வழி தெரியவில்லை.

பட்டியலில் எழுதினேன்:
அந்த மொழிக்கு அகராதி ஒன்று,
தமிழில் கிடைக்காவிட்டால் மலையாளத்தில்.
உடன்படிக்கைகள், பின்னிணைப்போடு.
கழுதைகள்.
நாகர்கோவில் மேசையில் ஒருவர்
தலைப்புக்குப் பொருந்தவில்லை என்று
சிவப்பு மையில் எழுதுவார்,
அவரிடம் கேட்க எனக்கு ஒரு கேள்வி இருக்கிறது.

நாளைக்கு வேறொருவர் போட்டில்
கிளீட்டஸ் போகிறான், நாற்பது நாள்.
நிலப்படத்தை இரவல் கேட்டான்.
வெளியே கொடுக்கக் கூடாத பிரிவு.
கொடுத்தேன்.
பழக்கத்தில் கை தேதியையும் குத்திவிட்டது:
பதினான்கு நாள்.

அவன் பார்த்துச் சிரித்தான்.
"பதினாலு நாளுல
அந்தப் புள்ளிக்கே போய்ச் சேர மாட்டோம் டீச்சர்.
அபராதம் போடுங்க."