ஏழாவது பாட்டு

கேவல்ராம் சப்ரு, பம்பாய்.
பதினொரு படம்.
மூன்று ஓடியது. எட்டு பெட்டிக்குள் போனது.
பிறகு வேறு ஆக்களின் மெட்டுக்கு
வயலின் வரிசை எழுதி வீட்டு வாடகை கட்டினாராம்.
தேறிய பாட்டெல்லாம் ஒரு அறுபது நிமிசக் கசற்றில் அடங்கிற்று,
இரண்டாம் பக்கத்தில் எட்டு நிமிசம் வெறும் இரைச்சல்.

கஸ்தூரியார் வீதி றெக்கோடிங் பாரில்
எண்பத்திரண்டில் பதிந்தது.
ஞானரூபன் அட்டையில்
'சர்ப்பு' என்று எழுதித் தந்தான்.

பற்றரி வராத வருசங்களில்
சைக்கிளைக் கவிழ்த்து வைத்து
மச்சான் பெடலைக் கையால் சுற்றுவான்.
டைனமோ உறுமும்.
ஏழாவது பாட்டுக்கு வரேக்கை
அவனுக்குக் கை உளையத் தொடங்கிவிடும்.
பெண்குரல் கனத்து ஆண்குரலாகும்,
ஷெனாய் கிணற்றுக்குள் இறங்கும்.
ஹிந்தி ஒரு சொல்லும் தெரியாது எங்களுக்கு.
மதியாபரணத்தின் எட்டுச் செலவன்று
அதைத்தான் போட்டோம்.
அவன் தாய் இன்னொருக்கால் போடச் சொன்னா.

கரன்ட் வந்த அன்று
வயரைச் செருகி அழுத்தினேன்.
ஏழாவது பாட்டு
துள்ளிக்கொண்டு ஓடியது:
குதிரைவண்டி, சலங்கை, நடுவில்
யாரோ ஒருத்தி சிரிக்கிறாள்.
மச்சான் தன் கையைத் திருப்பிப் பார்த்தான்.

சப்ரு எப்பவோ செத்திருப்பார்.
பதினொன்று, மூன்று, எட்டு
என்ற அந்தக் கணக்கில்
இது சேராது:
அவர் போடாத மெட்டு ஒன்று,
பிழையான எழுத்தில் அவர் பெயரோடு,
கொக்குவிலில் கிடக்கிறது.

சில இரவில்
கசற்றின் சில்லை விரலால் அமத்திப் பிடித்து
அதைக் கேட்கிறேன்.