பன்னிரண்டாம் பிரிவு

கோத்தகிரி நூலக மாடியில்
நாற்பது நாற்காலி, ஒன்பது பேர்.
அச்சகத்தில் யாரோ
'அயர்லாந்து அரசியல் வரலாறு' என்பதை
'அயல்நாட்டு அரசியல் வரலாறு' ஆக்கியிருந்தார்கள்.
நான் திருத்தச் சொல்லவில்லை.

மழை வலுத்தது.
கூக்கல்தொரை பஸ் இன்னும் வரலை என்று
பதினைந்து பேர் ஏறி வந்தார்கள்
ஈரக் குடைகளோடும்
பையில் தலை நீட்டிய ஒரு கோழியோடும்.

இருபத்தாறு வருடம்
அடிக்குறிப்புகளில் குடியிருந்தவள் நான்.
என் புத்தகத்தைப் படித்தவர்களை
ஒவ்வொருவராய்ப் பெயர் சொல்லிக் கூப்பிடலாம்.
இருவருக்கு என்மேல் கோபம் வேறு.

பஞ்சத்தில் தொடங்கினேன்.
"கிழங்குச் செடிக்கு ஒரு நோய் வந்தது."
பின்வரிசையில் ஹாலன் எழுந்தார்.
"எலையில மொதல்ல எண்ணெ தெறிச்ச மாதிரி புள்ளி.
அடியில வெள்ளையா பூக்கும்.
அப்புறம் தோட்டமே நாறும்மா.
அந்த நாத்தத்தை விட்டுட்டீங்களே."

விட்டுத்தான் இருந்தேன்,
நானூற்றுப் பதினோரு பக்கத்திலும்.

"கிழங்கு போச்சு, சரி. தானியம்?"
"கப்பலில் போனது. காவலோடு."
உட்காரும்போது படுகு பாஷையில் ஒரு சொல் சொன்னார்.
தெரிந்தவர்கள் தலையைக் குனிந்துகொண்டார்கள்.

ஒப்பந்தத்துக்கு வந்தபோது கரண்ட் போயிற்று.
திரையில் வரைபடம் போயிற்று,
தொப்பிகள், மீசைகள், லண்டன், டிசம்பர்,
எல்லாம் போய்
என் வாய் மட்டும் மிச்சம்.
பன்னிரண்டாம் பிரிவுக்கு
நாற்பது பக்கம் எழுதியவள்
இருட்டில் ஒரே மூச்சில் சொன்னேன்:
"கோட்டை எங்கே போடுவது என்பதைப்
பிறகு பார்த்துக்கொள்ளலாம் என்று
கையெழுத்துப் போட்டார்கள்."

யாரோ சிரித்தார்கள்.
அடைக்காயி.
டான்டீயில் கொழுந்தெடுத்து ஓய்ந்தவர்,
எழுபத்திரண்டில் தலைமன்னாரில் கப்பல் ஏறியவர்.

"எங்களையும் அப்பிடித்தானே.
இத்தனை லட்சம் இங்கிட்டு, இத்தனை லட்சம் அங்கிட்டு,
மிச்சம் ஒன்றரை லட்சத்தைப்
பொறகு பாத்துக்கலாம்னுட்டாங்க.
எங்கக்கா அந்தப் பொறகுலதான் இருந்தா."

பேச வந்தவள் குறிப்பெடுத்தேன்
கைபேசி வெளிச்சத்தில், நோட்டீஸின் பின்புறத்தில்.

"அப்புறம்?"
"ஒப்புக்கொண்டவர்களும் மறுத்தவர்களும்
சுட்டுக்கொண்டார்கள்."
"ஒரே வீட்டு ஆளுங்களா?"
"சில வீடுகளில்."
"பொறகு ஒண்ணா ஒக்காந்து சாப்பிட்டாங்களா?"

ஆவணக் காப்பகங்களில்
எத்தனை பெட்டி திறந்திருப்பேன்.
இதை ஒருவரும் எழுதிவைக்கவில்லை,
நானும் தேடவில்லை.

எல்லைக் கமிஷன் அறிக்கையை
வெளியிடாமல் பூட்டிவைத்த இடத்தில்
கீழே ஹாரன் கேட்டது.
வாக்கியத்தின் நடுவில்
எல்லோரும் எழுந்தார்கள்,
முதலில் கோழி.

படியில் அடைக்காயி நின்றார்.
"அந்தக் கோடு இன்னும் இருக்கா?"
"இருக்கு."
"துப்பாக்கியோட ஆளு நிக்கிறானா?"
"இப்போ இல்லை. ரோட்டில் தார் மாறும்,
அவ்வளவுதான். காரில் போனால் தெரியாது."

செருப்பைக் கையில் எடுத்துக்கொண்டு
ஈரப் படியில் இறங்கினார்.
"வெறுங்காலா நடந்தா தெரியும்."