நாலாம் பத்தி

ஓல்டன் நகரில், வாடகைப் பிணக்குத் தீர்க்கும் அலுவலகத்தில்
ஒரு கதிரைகூடக் கிரீச்சிடவில்லை.
கால்களுக்கெல்லாம் கம்பளித் துண்டு ஒட்டியிருந்தார்கள்.

கீழ்வீட்டு நூஸ்பவுமர் அம்மா
பச்சை அட்டைக் கொப்பி கொண்டுவந்திருந்தார்.
அடிமட்டம் வைத்து இழுத்த கோடுகள்.
திகதி, மணி, சத்தம்,
தட்டினேனா இல்லையா என்று நாலு பத்தி.
தட்டுவது தும்புத்தடியால், தன் வீட்டுக் கூரையில்,
அதாவது எங்கள் உள்ளங்காலில்.

நடுவர் ஒவ்வொன்றாய் வாசிக்க
நான் வதனாவுக்குத் தமிழில் சொல்லவேண்டும்.
அவளுடைய ஜெர்மன் வகுப்பு
இப்போதுதான் இரண்டாம் புத்தகம்.

ஒக்டோபர் மூன்று, இரவு பத்து இருபது:
அரைக்கும் இயந்திரம். தட்டினேன்.
"உன்ர சட்னி" என்றேன். சிரிப்பை விழுங்கினாள்.
ஒன்பதாம் திகதி, ஞாயிறு: ஏதோ இடிக்கும் ஓசை. தட்டினேன்.
"இடிசம்பல்."
விடியப்புறம் ஐந்து பத்து: குளியல், நீண்ட நேரம். தட்டினேன்.
அது நான்.
இரவெல்லாம் ரயில்பெட்டி கழுவியவன்
தன்னைக் கழுவ வேறு எந்த நேரம் இருக்கிறது?
கேட்கவில்லை. தலையாட்டினேன்.

ஒருகட்டத்தில் அந்தக் கொப்பிமேல் எனக்கு ஆசைகூட வந்தது.
எங்களை இவ்வளவு கவனமாய்
எந்தச் சொந்தமும் எழுதிவைத்ததில்லை.

பிறகு நடுவர்
அதே குரலில், அதே வேகத்தில்:
நவம்பர் பதினான்கு, இரவு இரண்டு நாற்பது.
பெண் அழுகை. இருபது நிமிடம்.
பதினாறு, இரண்டேகால். அதேதான்.
இருபத்தொன்று.

அந்த நேரம் நான் நாலாம் தண்டவாளத்தில்
யாரோ ஊற்றிய கோப்பியைத் துடைத்துக்கொண்டிருப்பேன்.

நடுவர் என் வாயையே பார்த்தார்.
"தண்ணிக்குழாய்ச் சத்தமாம்" என்றேன் வதனாவிடம்.

அவள் என் பக்கம் திரும்பவில்லை.
மேசையைப் பார்த்து, இரண்டாம் புத்தகத்து ஜெர்மனில்,
வினைச்சொல்லைப் பிசகாமல் கடைசியில் வைத்துச் சொன்னாள்:
ஆம், நான்தான் அழுதேன்.

முடிவு எழுதினார்கள்.
பத்து மணிக்குமேல் அரைப்பதில்லை.
எங்கள் கதிரைக் கால்களுக்கும் கம்பளித் துண்டு.
குளியல்பற்றி இணக்கம் இல்லை, அடுத்த தவணைக்கு.

கையெழுத்துப் போடக் குனிந்தபோது
கொப்பி என் பக்கம் திறந்து கிடந்தது.
நவம்பர் வரிகளின் நாலாம் பத்தியில்
தட்டவில்லை. தட்டவில்லை.
இருபத்தொன்றுக்கு நேரே, கோட்டுக்கு வெளியே வழிந்து,
பென்சிலில்:
மேல்வீட்டுப் படிவரை போனேன். செருப்பில்லாமல்.
மணி அடிக்கவில்லை.