எட்டில் செவ்வாய்

லண்டனால வந்த பெறாமகன் விட்டிட்டுப் போன சிடி.
கலியாணத் தரகைப் பற்றின படமாம்.
தொழிலுக்கு உதவுமெண்டு போட்டன்.
கோப்போட வந்த வில்வராசாவும்
கதிரையை இழுத்துப் போட்டார்:
வயது நாப்பத்தேழு, மல்லாவி,
சொந்தமாய் லாண்ட்மாஸ்டர்,
ஐஞ்சு பொம்பிளையள் வேண்டாமெண்டது.

ஒரு சொல் விளங்கேல்லை.
ஆனா வெள்ளைக்காரன் அலுமாரிக்குள்ள ஒளிக்க
அவன்ர காற்சட்டையைப்
பொம்பிளையின்ர தாய் மடிச்சு வைக்க,
அதுக்கென்ன மொழிபெயர்ப்பு?
சிரிச்ச சிரிப்பில என்ர சட்டை ஊசி தெறிச்சு
அவரின்ர தேத்தண்ணிக்குள்ள.
எடுத்துத் துடைச்சுத் தந்தார்
மற்றப் பக்கம் பாத்துக்கொண்டு.
முழுக்கப் பாக்காமலும் இல்லை.

கரண்ட் போச்சு.

"உங்களுக்குச் செவ்வாய் இருக்கோ?"
இருட்டுக்குள்ள, நான் ஊரெல்லாம் கேட்ட கேள்வி.
"எட்டில. ஆனா என்ர மனுசனைத் திண்டது
செவ்வாயில்லை, மோட்டச்சைக்கிள்."
"எனக்கும் எட்டில."
கொஞ்ச நேரம் நுளம்புச் சத்தம்.
"கதிரை ஒரு கால் ஆடுது" எண்டார்.
"வாங்கில ஆடாது" எண்டன்,
"ரெண்டு பேர் இருக்கலாம்."

கரண்ட் வர
படம் முதல்ல இருந்து தொடங்கிச்சுது.
நிப்பாட்ட ஒருத்தரும் எழும்பேல்லை.

தரகுக் காசை
ஆரிட்ட வாங்கிறதெண்டுதான்
இன்னும் தெரியேல்லை.