அளவுக்கு ஒரு கையுறை

பத்தகோனியாவின் இந்த மூலையில்
மழை பெய்யாத நாள்தான் நினைவில் நிற்கும்.
அப்படியொரு நாளில் எதெல்மீரா என் படகில் ஏறினாள்,
மடியில் கைக்குழந்தை போல ஒரு பெட்டி.
உள்ளே கேமரா.
"இது நனையக் கூடாது" என்றாள்.
கடலுக்குள் கொண்டுபோகிறவள் பேசுகிற பேச்சா?
நான் வாயைத் திறக்கவில்லை.

பத்தொன்பது வருஷம்.
அவள் கீழே, நான் மேலே.
எனக்கு நீந்தத் தெரியாது; அவள் கேட்கவுமில்லை.
என் வேலை குமிழிகளைப் பார்ப்பது.

சீராக எழுந்தால் எதையோ எண்ணுகிறாள்.
குபுகுபுவென்று பொங்கினால்
நீரோட்டத்தோடு மல்லுக்கட்டுகிறாள்.
கொஞ்ச நேரம் ஒன்றுமே வராவிட்டால்
ஏதோ ஓர் உயிர் அவளைப் பார்த்துக்கொண்டிருக்கிறது,
அது மிரளாதிருக்க
அடுத்த மூச்சைத் தள்ளிப்போடுகிறாள்.
அப்போதெல்லாம் நானும் மூச்சு விட்டதில்லை.

மேலே நாலு மீட்டர் ஆற்றுநீர், தேநீர் நிறம்.
அதன் கீழே தெளிந்த உப்பு, இருட்டு.
இருபத்திரண்டாம் மீட்டரில் பாறை விதானம் ஒன்று,
அதில் தலைகீழாய்ப் பூத்த பவளங்கள்
வெயிலென்றால் என்னவென்று அறியாதவை.
ஒவ்வொரு மே மாதமும் அதே சட்டகம்,
அதே பதினோரு நிமிடம்.
மற்ற மாதங்களில் எண்களைக் கூட்டுவாள்,
அமைச்சகத்துக்குக் கடிதம் எழுதுவாள்,
கேமராவின் ரப்பர் வளையங்களுக்கு மசகு பூசுவாள்.
வெடித்த தன் கைகளுக்கு ஒன்றும் பூசமாட்டாள்.

ஒரு குளிர்காலம்
சால்மன் கம்பெனி ஆள் அனுப்பியது:
எங்கள் கூண்டுகளை அழகாகப் படமெடுங்கள்.
போனாள்.
மூன்று நாள் நான் அவளோடு பேசவில்லை.
படகில் இரண்டே பேர்; அது சிரமம்.
அழகாகத்தான் எடுத்தாள், சுழலும் வெள்ளிக் கோபுரமாய் மீன்கள்.
அந்தப் பணத்தில் இரண்டு விளக்கு வாங்கினாள்.
புது வெளிச்சத்தில்தான் தெரிந்தது,
கூண்டடியிலிருந்து பாறைவரை
வெள்ளையாய்ப் படர்ந்துவந்த அழுகல்.

பள்ளிக்கூட விளையாட்டுக் கொட்டகையில் படம் காட்டினாள்.
கூரையில் மழை, பாதி வசனம் யாருக்கும் கேட்கவில்லை.
கம்பெனிச் சட்டையோடு வந்து உட்கார்ந்தவர்களும்
எங்கள் மச்சான்களும் கொழுந்திகளும்தான்.
நானூற்றுப் பன்னிரண்டு பவளம்.
முந்நூறு. நூற்றறுபது. எழுபது.
யாரோ சிரித்தார்கள்.
திரையோரத்தில், பாறையடியில்,
இரண்டாம் வருஷம் நான் தொலைத்துவிட்டுக்
கெட்ட வார்த்தையால் கடலைத் திட்டிய
ஆரஞ்சு ரப்பர் கையுறை.
வருஷத்துக்கு வருஷம் அங்கேயே கிடந்தது:
கட்டைவிரலுக்குள் ஒரு நண்டு குடிவந்தது,
மணிக்கட்டில் ஒரு கடற்சாமந்தி,
பிறகு நண்டு இல்லை,
பிறகு விரல்வரை வெள்ளை.

"எடுத்துத் தந்திருக்கலாமே" என்றேன் வெளியே.
"உன் கை எத்தனை அங்குலம் என்று தெரியும்.
எனக்கு ஓர் அளவுகோல் வேண்டியிருந்தது.
இப்போது அது உன்னுடையதல்ல, லௌதாரோ. தரவு."

திரும்பவும் மே.
அறுபத்தொரு வயது, ஈயப் பட்டையை இடுப்பில் கட்ட
இந்த முறை நான் உதவினேன்.
போனாள்.
குமிழிகள் சீராக எழுகின்றன.
எண்ண அதிகமில்லை, சீக்கிரம் முடித்துவிடுவாள்.
கயிற்றைப் பிடித்திருக்கிறேன்,
இடது கையில் உறை, வலது கை வெறுமை.

சட்டென்று நின்றது.
தேநீர்நிற நீரில் மழைப்புள்ளிகள் மட்டும்.
ஒன்று, இரண்டு, மூன்று.

நானும் மூச்சைப் பிடித்துக்கொண்டேன்.