நாற்பது மில்லிமீட்டர்

பெட்டியைத் திறந்தபோது
இரண்டு இலவம்பஞ்சுத் தலையணைகளுக்கு
நாடா கட்டியது போலிருந்தது.
பதினாறாயிரத்துச் சொச்சம். ஒன்பது தவணை.
இந்திராநகர் கடைப்பையன்
"மேகத்துமேல ஓடுவீங்க சார்" என்றான்.
நான் ஓடுவது அல்சூர் ஏரியைச் சுற்றி.
அங்கே மேகம் தண்ணீருக்குள் கிடக்கும், பாசியோடு.

முதல் வாரம் முழங்கால் வாயைத் திறக்கவில்லை.
ஆறு வருடமாகப் படிக்கட்டுதோறும்
பெயர் சொல்லிக் கூப்பிட்ட முழங்கால்.
நாற்பது மில்லிமீட்டர் உயர்ந்ததில்
பரண்மேல் இருந்த இட்லிப் பானை
கைக்கு எட்டியது.
செருப்புக் காலோடு சமையலறையா என்று கத்திய அனுசுயா
அதை எடுத்துக் கொடுத்தபின்
ஒன்றும் சொல்லவில்லை.

மூன்றாம் மாதம்
வலி வீடு மாற்றிக்கொண்டது.
கெண்டைக்கால். அப்புறம் இடுப்பில் இடது ஓரம்.
வயசு, என்றான் பொன்னப்பா.
அவனுக்கு ஐம்பத்தொன்று,
தேய்ந்த கேன்வாஸில் ஓடுகிறான்.

பிசியோ சுஜயா ஹெப்பார்
என்னை டிரெட்மில்லில் ஓடவிட்டுப் படமெடுத்து
வேகம் குறைத்துக் காட்டினார்.
திரையில் யாரோ ஒருவன்
முன்விரோதம் உள்ளவன் மாதிரி
தரையை மிதித்துக்கொண்டிருந்தான்.
"அடியில மெத்தை இருக்குன்னு காலுக்குத் தெரிஞ்சுபோச்சு,
மடங்க வேண்டிய முட்டி மடங்க மாட்டேங்குது" என்றார்
கன்னடம் தடவிய தமிழில்.
கடன்காரன் கதவைத் தட்டாதவரை
கடனே இல்லை என்று நம்புகிற குடும்பம் எங்களுடையது.

கழற்றச் சொன்னார்.
கண்ணை மூடி ஒற்றைக்காலில் நிற்கச் சொன்னார்.
நாலு எண்ணுவதற்குள்
அந்த அறையின் சுவரெல்லாம் எனக்கு உறவாயிற்று.
விரல்கள் ஐந்தும்
எதைப் பிடிப்பதென்று தெரியாமல்
ஒன்றையொன்று பார்த்துக்கொண்டன.

தேவர்களுக்குக் கால் தரையில் பாவாதாம்,
பேய்களுக்கும்.
இரண்டில் எதுவுமாக இல்லாமல்
போன மாதம் மெட்ரோ தூண் பக்கத்தில்
பெயர்ந்த நடைபாதைக் கல்லில்
கணுக்கால் மடிந்து விழுந்தேன்.
கல் ஆடுவது கண்ணுக்குத் தெரிந்தது.
காலுக்குத்தான் தகவல் போகவில்லை.

இப்போது பல் துலக்கும்போது ஒற்றைக்கால்.
கொக்கு, என்கிறாள் அனுசுயா.
ஷூவைத் தூக்கி எறியவில்லை.
ஞாயிறன்று பத்து கிலோமீட்டர்,
பணம் கட்டியாகிவிட்டது,
தவணையும் ஐந்து பாக்கி.

நேற்று ராத்திரி தண்ணீர் குடிக்கப் போனேன்,
விளக்குப் போடாமல், வெறுங்காலில்.
இடது குதிகாலுக்குக் கீழே
ஏதோ ஒன்று, சின்னதாக.
நின்றேன்.
அரிசி, என்றது கால்.
பச்சரிசியா புழுங்கலா என்று
அதற்குச் சொல்லத் தெரியவில்லை.