அஸ்தம்பட்டி ஷெட், திங்கள் காலை

நவநீதன் சார்,
ஏற்காட்டிலிருந்து நீங்கள் இறங்கும் சத்தம்
சிக்னலிலேயே எங்களுக்குக் கேட்டுவிடும்.
புல்லட் சைலன்சருக்குள் ஏதோ தளர்ந்திருக்கிறது.
பார்க்கச் சொல்லி இரண்டு வருஷம் ஆகிறது.

இருபது கொண்டை ஊசி வளைவு.
வளைவுக்கு ஒரு யோசனை என்று வைத்தாலும்
ஷெட்டில் நாங்கள் நாலு பேர்.

ஜவ்வரிசிக்கு ஈரமானி செய்கிறோம், மிளகுக்கும் செய்யலாமே என்பீர்கள்.
மிளகுக்குப் பலகை வரைந்து முடிக்கையில் காப்பிக்கொட்டை.
காப்பிக்காக ரிஸ்வான் நிரலைத் திருத்திக்கொண்டிருந்த இரவு
பனிமூட்டத்தை அளந்தால் என்ன என்று
போனில் கேட்டீர்கள்.
பனிமூட்டத்தை யார் சார் வாங்குவார்கள்?

ஆத்தூர் மில்லுக்கு நாற்பது மீட்டர்.
வெள்ளிக்கிழமை என்று வாக்குக் கொடுத்தது நான்.
மகள் காதுகுத்துக்கு லீவு கேட்ட செங்கோடன்
பிறகு கேட்கவே இல்லை என்பதுபோல் இருந்தான்.
அன்றைக்குத்தான் பழைய பிஸ்கட் டின்னைக் கழுவிக் காயவைத்தேன்.

எதுவானாலும் சீட்டில் எழுதி இதில் போடுங்கள்,
மாசம் ஒருமுறை திறக்கலாம் என்றேன்.
சிரித்தீர்கள். கையெழுத்தும் வேண்டுமா என்றீர்கள்.
வேண்டும் என்றேன்.

நாற்பதும் போயின. பிறகு எழுபது.
காதுகுத்தில் எல்லோரும் பந்தியில் உட்கார்ந்தோம்.
மாசக் கடைசியில் சம்பளக் கணக்கு இருக்கும்,
டின்னைத் திறக்க மறந்தேன்.
மறந்தேன் என்பது சரியில்லை.

நீங்கள் மெல்லப் பேசக் கற்றுக்கொண்டீர்கள்.
ஒரு திங்கள் வெறுங்கையோடு வந்து
சலானில் கையெழுத்துப் போட்டுவிட்டு
ஜன்னல் வழியே மலையைப் பார்த்துக்கொண்டிருந்தீர்கள்.
எனக்கு நிம்மதியாகத்தான் இருந்தது.

பங்குனியில் பதினோரு மீட்டர் திரும்பி வந்தன.
பழுது எதுவும் இல்லை.
நேரில் போனேன்.
காயும் களத்தில் ஜவ்வரிசி
வெயிலை வாங்கி முகத்தில் அடித்தது.
முந்தானையால் திரைக்கு நிழல் கட்டி
கோமதி என்கிற பெண் எண்ணைத் தேடிக்கொண்டிருந்தாள்.
"ஒண்ணுமே தெரியலைங்க. வெள்ளையில வெள்ளை."

ராத்திரி ஷெட்டுக்கு வந்து மூடியை நெம்பினேன்.
முப்பத்தேழு சீட்டு.
மிளகு. பனிமூட்டம். தேனீப் பெட்டி.
படம் மட்டும் ஒன்று, படகா செருப்பா தெரியவில்லை.
அடியில், டீக்கறையோடு,
"களத்தில் திரை எதற்கு? காய்ந்ததும் கூவட்டும்."
தேதி, போன ஐப்பசி.

முப்பத்தாறு சீட்டுக்கு டின் செய்தது நியாயம்.
அந்த ஒன்றுக்கு
நான் என்ன சொல்ல?

டின்னை எறியவில்லை சார், எறியவும் மாட்டேன்.
சனிக்கிழமை மூன்று மணிக்குத் திறப்போம்,
எல்லோரும் இருக்கும்போது.
மற்ற நாளில் மூடி மூடிதான்.
கூவுகிற மீட்டரில் இப்போதைக்கு
காக்கை தொண்டை கட்டினதுபோல் ஒரு சத்தம் வருகிறது.
ரிஸ்வான் பார்க்கிறான்.

இதோ, சிக்னலில் சைலன்சர்.
இன்றைக்குத் திங்கள் என்று உங்களுக்கும் தெரியும்,
எங்களுக்கும் தெரியும்.
அம்சவேணி சால்டரிங் இரும்பை அணைக்கவில்லை.
சூட்டை மட்டும் கொஞ்சம் குறைத்துவிட்டு
வாசலைப் பார்க்கிறாள்.